உங்க வீட்டுல யார் 'உள்' ரகம்... யார் 'வெளி' ரகம்?

ஞாயிற்றுக்கிழமை. சாயந்திரம் ஐந்து மணி. உங்கள் வீட்டுக்கு விருந்தாளிகள் வந்திருக்கிறார்கள். உங்கள் வீட்டுக்காரரின் ஒன்றுவிட்ட அண்ணனும் அவர் மனைவியும்.

காலிங் பெல் சத்தம் கேட்டதுமே உங்கள் மூத்த பையன் ஓடிப்போய்க் கதவைத் திறக்கிறான். "பெரியப்பா! புது வண்டியிலயா வந்தீங்க? என்ன கலர்?" என்று ஆரம்பித்தவன், அவர்கள் கிளம்புகிற வரைக்கும் வாயை மூடவில்லை.

சின்னவள்? வந்தவர்களைப் பார்த்து லேசாக ஒரு சிரிப்பு. காதில் விழுந்தும் விழாமல் ஒரு "வாங்க". அவ்வளவுதான். டிராயிங் நோட்டை எடுத்துக்கொண்டு ஜன்னல் ஓரமாக உட்கார்ந்துவிட்டாள்.

பெரியம்மா சும்மா இருப்பாரா? "ஏன் இவ உம்முனு இருக்கா? ஸ்கூல்லயும் இப்படித்தானா? இப்பவே சரி பண்ணிடும்மா. வாயுள்ள பிள்ளைதான் பிழைக்கும்!"

அன்று ராத்திரி உங்களுக்குத் தூக்கம் வருவதில்லை. 'நிஜமாவே ஏதாவது குறையா? நம்ம வளர்ப்புல தப்பா? டாக்டர்கிட்ட காட்டணுமா?'

அந்தத் தூக்கம் வராத ராத்திரிக்காகத்தான் இந்தக் கட்டுரை.

எந்தப் பக்கம் திரும்பியிருக்கிறது மனசு?

மனோதத்துவத்தில் இதற்கு இரண்டு பெயர்கள் உண்டு. புறமுகம், அகமுகம். பி.எட். படித்தவர்கள் பாடப் புத்தகத்தில் பார்த்திருப்பார்கள். ஆங்கிலத்தில் எக்ஸ்ட்ரோவெர்ட், இன்ட்ரோவெர்ட் என்கிறோம். இதில் 'வெர்ட்' என்பது லத்தீன் மொழியிலிருந்து வந்தது. 'திரும்புதல்' என்று பொருள். வெளியே திரும்பியவர், உள்ளே திரும்பியவர். அவ்வளவுதான்! 'அதிகம் பேசுகிறவர்', 'பேசாதவர்' என்ற அர்த்தமே இந்த வார்த்தைகளில் இல்லை, கவனித்தீர்களா?

இந்த வார்த்தைகளை உலகம் முழுக்கப் பிரபலமாக்கியவர் கார்ல் யுங். சுவிட்சர்லாந்து நாட்டு மனநல மருத்துவர். 1875-ல் பிறந்தவர், 1961-ல் மறைந்தவர். அவருக்கு ஒரு சந்தேகம். ஃப்ராய்டு, ஆட்லர் என்று இரண்டு மேதைகள். இரண்டு பேருமே மனநோயாளிகளைப் பற்றித்தான் ஆராய்கிறார்கள். ஆனால், ஃப்ராய்டு 'வெளியே இருக்கிற மனிதர்கள் மேல், பொருள்கள் மேல் வைக்கிற ஆசைதான் காரணம்' என்கிறார். ஆட்லரோ, 'அந்த ஆளுக்குள்ளேயே இருக்கிற தாழ்வு உணர்ச்சிதான் காரணம்' என்கிறார். எப்படி இவ்வளவு வித்தியாசம்?

யுங் யோசித்தார். ஒருவர் அறிவாளி, இன்னொருவர் முட்டாள் என்பதல்ல விஷயம். ஒருவருடைய பார்வை இயல்பாகவே வெளிப்பக்கம் போகிறது. இன்னொருவருடைய பார்வை உள்பக்கம் போகிறது. 1913-ல் ஜெர்மனியின் மியூனிக் நகரத்தில் நடந்த மாநாட்டில் இந்தக் கருத்தை முதலில் பேசினார். 1921-ல், மனித வகைகளைப் பற்றி ஒரு பெரிய புத்தகமே எழுதினார்.

'அகம், புறம் எல்லாம் நமக்குப் புதுசா ஸார்? சங்க காலத்துலயே இருக்கே!' என்று நீங்கள் கேட்கலாம். நியாயம்தான். ஆனால், சங்கப் பாடல்களில் அகம், புறம் என்பது பாட்டின் விஷயத்தைப் பிரிப்பது. காதல் அகம், வீரம், கொடை போன்றவை புறம். யுங் பிரித்தது மனிதர்களின் சுபாவத்தை. வார்த்தை ஒன்றுதான், வேலை வேறு!

கல்யாண வீட்டுக் கணக்கு

புரிகிற மாதிரி சொல்ல வேண்டுமானால், ஒரு கல்யாண வீட்டுக்குப் போவோம்.

முதல் நாள் ரிசப்ஷன், மறுநாள் முகூர்த்தம். இரண்டு நாளும் மண்டபத்தில் நூற்றுக்கணக்கான பேர். மைக் செட், நாதஸ்வரம், குழந்தைகள் கூச்சல். எல்லாம் முடிந்து வீட்டுக்கு வருகிறீர்கள்.

உங்கள் தங்கை, "அதுக்குள்ள முடிஞ்சு போச்சே! வழியில சித்தி வீட்டுக்கும் போயிட்டு வந்திருக்கலாம்" என்கிறாள். உடம்பு அசந்திருந்தாலும் மனசு ஃபுல் சார்ஜில் இருக்கிறது.

நீங்களோ புடவையைக்கூட மாற்றாமல் ஃபேனைப் போட்டுக்கொண்டு ரூம் கதவைச் சாத்திக்கொள்கிறீர்கள். ஒரு மணி நேரத்துக்கு யாரும் கூப்பிடாமல் இருந்தால் போதும் என்று இருக்கிறது. கல்யாணம் பிடிக்கவில்லை என்று அர்த்தமா? இல்லவே இல்லை. எல்லாரிடமும் சிரித்துத்தான் பேசினீர்கள். பந்தியில் நின்று பரிமாறக்கூடச் செய்தீர்கள். ஆனால், பாட்டரி தீர்ந்துவிட்டது!

உங்கள் தங்கைக்கு மனிதர்கள் நடுவில்தான் பாட்டரி சார்ஜ் ஆகிறது. அவள் வெளி ரகம். உங்களுக்குத் தனிமையில் சார்ஜ் ஆகிறது. நீங்கள் உள் ரகம். நன்றாகப் பேசத் தெரிந்த எத்தனையோ வாத்தியார்களும் வக்கீல்களும் உள் ரகம்தான். மேடையில் வெளுத்து வாங்குவார்கள். இறங்கியதும் ஒரு மூலையைத் தேடுவார்கள்.

நீங்கள் எப்படி?

ஒரு பேப்பரும் பேனாவும் எடுத்துக்கொள்ளுங்கள். மனசாட்சிப்படி 'ஆம்', 'இல்லை' போடுங்கள்.

1. கூட்டமான விசேஷத்துக்குப் போய் வந்த பிறகு கொஞ்ச நேரம் தனியாக இருக்கத் தோன்றுகிறதா?

2. பத்துப் பேரோடு அரட்டை அடிப்பதைவிட, ஒரே ஒரு தோழியோடு மணிக்கணக்காகப் பேசுவது பிடிக்குமா?

3. கேள்வி கேட்டால் உடனே பதில் சொல்லாமல், மனசுக்குள் ஒருமுறை சொல்லிப் பார்த்துவிட்டுப் பேசுவீர்களா?

4. போன் மணி அடித்தால், 'யாரு இப்போ?' என்று ஒரு சின்ன அலுப்பு வருகிறதா?

5. டி.வி., மிக்ஸி, குழந்தைகள் சத்தம் எல்லாம் சேர்ந்தால் மற்றவர்களைவிட உங்களுக்குச் சீக்கிரம் தலை கனக்கிறதா?

6. லீவு நாளில் எங்கேயும் போகாமல் வீட்டில் இருந்தால், 'அப்பாடா' என்று இருக்கிறதா?

'ஆம்' அதிகமாக இருந்தால் நீங்கள் உள்பக்கம் சாய்ந்தவர். 'இல்லை' அதிகமாக இருந்தால் வெளிப்பக்கம். மூன்றுக்கு மூன்று வந்தால்? வாழ்த்துக்கள், நீங்கள் நடுவில் இருக்கிறீர்கள்! பயப்படாதீர்கள், இது பரீட்சை இல்லை. நோய் கண்டுபிடிக்கிற டெஸ்ட்டும் இல்லை. நம்மை நாமே கொஞ்சம் பார்த்துக்கொள்வதற்குத்தான்.

நடுவில் இருப்பவர்கள்தான் உலகத்தில் அதிகம். உயரத்தை எடுத்துக்கொள்ளுங்களேன். ஆறரை அடி ஆசாமிகளும் கொஞ்சம் பேர்தான். நாலரை அடிக்காரர்களும் கொஞ்சம் பேர்தான். பெரும்பாலோர் நடுத்தர உயரம். சுபாவமும் அப்படித்தான். நூறு சதவிகிதம் உள், நூறு சதவிகிதம் வெளி என்று யாருமே இல்லை என்பதை யுங்கும் ஒப்புக்கொண்டார்.

ஏன் இப்படி?

'எல்லாம் வளர்ப்புதான்' என்பார் மாமியார். 'அவங்க பாட்டி மாதிரி' என்பார் உங்கள் அம்மா. யார் சொல்வது சரி? ரெண்டு பேருமே பாதிப் பாதி!

இரட்டைக் குழந்தைகளை வைத்துப் பல நாடுகளில் ஆராய்ச்சி செய்திருக்கிறார்கள். இந்த விஷயத்தில் மனிதர்களுக்குள் இருக்கும் வித்தியாசத்தில் ஏறக்குறைய பாதி பரம்பரையாக வருவது என்று தெரிந்தது. மீதி அனுபவமும் சூழ்நிலையும்.

அமெரிக்காவின் ஹார்வர்ட் பல்கலைக்கழகத்தில் ஜெரோம் கேகன் என்று ஒரு பேராசிரியர் இருந்தார். 1989-ல் ஆரம்பித்து, நாலு மாதக் கைக்குழந்தைகள் சுமார் 500 பேரை அவருடைய குழுவினர் பரிசோதித்தார்கள். கண்ணுக்கு எதிரே கலர் கலராகப் பொம்மைகளை ஆட்டினார்கள். பழக்கமில்லாத குரல்களைக் கேட்க வைத்தார்கள். ஆல்கஹாலில் தோய்த்த பஞ்சை மூக்கருகே காட்டினார்கள். ஐந்தில் ஒரு குழந்தை கையைக் காலை உதறி வீரிட்டு அழுதது. ஐந்தில் இரண்டு குழந்தைகள், 'இதெல்லாம் எனக்கு ஒரு பொருட்டா?' என்பது போலச் சும்மா கிடந்தன. மற்றவை நடுவில்.

இந்தக் குழந்தைகள் வளர வளர என்ன ஆனார்கள் என்று வருடக்கணக்காகப் பின்தொடர்ந்து பார்த்தார்கள். அழுதவை எல்லாம் வாயாடிகளாக வளர்ந்திருக்கும் என்றுதானே நினைப்போம்? நேர் எதிர்! அவர்களில் பலர், புது ஆளையோ புது இடத்தையோ பார்த்தால் கொஞ்சம் தயங்கி ஒதுங்குகிற பிள்ளைகளாக வளர்ந்தார்கள். சும்மா கிடந்தவர்களில் பலர் துணிச்சல்காரர்கள் ஆனார்கள். ஒதுங்குகிற குழந்தை உணர்ச்சி இல்லாத குழந்தை அல்ல; பார்ப்பதும் கேட்பதும் அதற்கு ஒரு பங்கு கூடுதலாகவே உறைக்கிறது! அதே சமயம், அழுத குழந்தைகள் எல்லாருமே தயங்குகிறவர்களாக வளரவில்லை என்பதையும் குறித்துக்கொள்ளுங்கள். பிறவிச் சுபாவம் தலையெழுத்து அல்ல.

எலுமிச்சம்பழப் பரிசோதனை

லண்டனில் ஹான்ஸ் ஐசங்க் என்ற மனோதத்துவ நிபுணர் 1967-ல் ஒரு விளக்கம் சொன்னார். அகமுகர்களின் மூளை இயல்பாகவே கொஞ்சம் அதிக விழிப்பில் இருக்கிறது. அதனால் வெளியிலிருந்து வருகிற சத்தமும் கூட்டமும் சீக்கிரம் 'போதும்' என்று ஆகிவிடுகிறது. புறமுகர்களுக்கு அந்த விழிப்பு குறைவு. அதனால் வெளியே போய்ச் சுவாரஸ்யத்தைத் தேடுகிறார்கள் என்றார்.

இதைச் சோதிக்க நாக்கில் நாலு சொட்டு எலுமிச்சம் சாறு விட்டு, எவ்வளவு எச்சில் ஊறுகிறது என்று அளந்தார்கள். சராசரியாகப் பார்த்தால் அகமுகர்களுக்குத்தான் அதிகம் ஊறியது!

1984-ல் வேறொரு பரிசோதனை. ரஸ்ஸல் கீன் என்ற அமெரிக்க ஆராய்ச்சியாளர் செய்தது. ஹெட்போன் மாட்டி, சத்தத்துக்கு நடுவே பாடம் கற்க வைத்தார். சத்தத்தை அவரவர் இஷ்டத்துக்கு வைத்துக்கொள்ளலாம். உள் ரகத்தினர் குறைவாக வைத்தார்கள். வெளி ரகத்தினர் கூட்டி வைத்தார்கள். அவரவர் வைத்த அளவில் இரண்டு தரப்புமே சமமாகக் கற்றுக்கொண்டார்கள். சத்தத்தை மாற்றி வைத்ததும் இரண்டு தரப்புமே தடுமாறினார்கள்!

மூளையைப் பற்றிய முழுக்கதையும் இதுதான் என்று சொல்லிவிட முடியாது. பரிசு, பாராட்டு, புதுமை இவற்றின் மேல் புறமுகர்களுக்கு ஈர்ப்பு அதிகம் என்பதைப் பிற்கால ஆராய்ச்சிகள் சேர்த்திருக்கின்றன. ஆனால், நம் வீட்டுக்கு வேண்டிய பாடம் கிடைத்துவிட்டது. ரேடியோ வைத்துக்கொண்டு கணக்குப் போடுகிற பையனும் சரி, 'அதை அணைங்களேன்' என்று கெஞ்சுகிற பெண்ணும் சரி, இரண்டு பேருமே நியாயமாகத்தான் கேட்கிறார்கள்.

மௌனம் எல்லாம் ஒரே மௌனம் இல்லை

இனிமேல்தான் முக்கியமான விஷயம். கொஞ்சம் நிதானமாகப் படியுங்கள்.

'சரி, உள் ரகம்தான். சுபாவம்தான். விட்டுவிடலாம்' என்று நிம்மதியாகப் புத்தகத்தை மூடிவிடாதீர்கள். வெளியிலிருந்து பார்க்க ஒரே மாதிரி இருக்கிற மௌனத்துக்குப் பின்னால் வேறு வேறு காரணங்கள் இருக்கலாம்.

முதலாவது, விருப்பம். பிள்ளை தனியாக இருக்கிறது, சந்தோஷமாகவும் இருக்கிறது. சாப்பாடு, தூக்கம், படிப்பு, விளையாட்டு எல்லாம் சரி. ஒன்றிரண்டு நெருங்கிய சிநேகிதர்கள் உண்டு. பிடித்த விஷயத்தைப் பற்றிக் கேட்டால் மடை திறந்த மாதிரி பேசுகிறது. இதுதான் அசல் அகமுகம். இதற்கு மருந்து வேண்டாம், வைத்தியம் வேண்டாம். மரியாதை மட்டும் போதும்.

இரண்டாவது, பயம். பிள்ளைக்கு மற்றவர்களோடு சேர ஆசை. ஆனால், முடியவில்லை. 'எல்லாரும் என்னையே பார்ப்பாங்க, சிரிப்பாங்க' என்ற நடுக்கம். வகுப்பில் எழுந்து படிக்கச் சொன்னால் வியர்வை, படபடப்பு, வயிற்றைப் பிசைவது. அதற்குப் பயந்தே ஸ்கூலுக்கு மட்டம்! லேசான கூச்சம் எல்லாக் குழந்தைகளுக்கும் உண்டு. ஆனால், அது மாதக்கணக்கில் நீடித்துப் படிப்பையும் வாழ்க்கையையும் தடுத்தால் அது 'சமூகப் பதற்ற நோய்'. பெரும்பாலும் டீன் ஏஜ் தொடக்கத்தில் தலைகாட்டும். நல்ல சிகிச்சை இருக்கிறது. பயப்படுகிற சூழ்நிலையைச் சின்னச் சின்னப் படியாகச் சந்திக்கப் பழக்குகிற பேச்சுவழிச் சிகிச்சை நல்ல பலன் தரும். தேவைப்பட்டால் மருந்தும் தருவார்கள்.

மூன்றாவது, சோர்வு. முன்பு எதையெல்லாம் ஆசையாகச் செய்தாரோ அதிலெல்லாம் நாட்டம் போய்விட்டது. தனியாக இருந்தாலும் நிம்மதி இல்லை. தூக்கம் கெட்டுவிட்டது, அல்லது எந்நேரமும் தூக்கம். பசி இல்லை. காரணமில்லாத எரிச்சல், அழுகை. 'நான் எதுக்கும் லாயக்கில்லை' என்ற பேச்சு. இது இரண்டு வாரத்துக்கு மேல் நீடித்தால் மனச்சோர்வு நோயாக இருக்கலாம். இது சுபாவம் அல்ல. டாக்டரைப் பார்த்தே ஆக வேண்டும்.

எப்படிப் பிரித்துக் கண்டுபிடிப்பது? மனசில் வைத்துக்கொள்ள ஒரே ஒரு சூத்திரம்...

பக்கத்து வீட்டுப் பிள்ளையோடு ஒப்பிடாதீர்கள். உங்கள் பிள்ளையின் நேற்றோடு ஒப்பிடுங்கள்!

இரண்டு வயதிலிருந்தே அமைதியாக இருப்பவள் பத்து வயதிலும் அமைதியாக இருந்தால், அது அவள் சுபாவம். போன மாதம் வரை வீட்டையே கலகலப்பாக வைத்திருந்த பையன், இந்த மாதம் ரூமை விட்டு வரவில்லை என்றால், அதுதான் கவலைப்பட வேண்டிய மௌனம். ஸ்கூலில் யாராவது அடித்தார்களா, மிரட்டினார்களா, தப்பாகத் தொட்டார்களா என்று பக்குவமாக விசாரியுங்கள். அமைதியான பிள்ளையிலும் இந்த மாற்றம் வரும். 'இவ எப்பவுமே இப்படித்தானே' என்று விட்டுவிடுகிற ஆபத்து இங்கேதான் இருக்கிறது. அவளுடைய டிராயிங் நோட்டு பல நாளாகத் திறக்கப்படவே இல்லையா? அதுதான் அவளுடைய அலாரம்.

காதையும் கவனியுங்கள்

சில சமயம் விஷயம் மனசிலேயே இருக்காது!

கூப்பிட்டால் திரும்பாத, டி.வி. சத்தத்தைக் கூட்டி வைக்கிற குழந்தைக்குக் காது சரியாகக் கேட்கிறதா என்று முதலில் பாருங்கள். அடிக்கடி சளி பிடித்துக் காதுக்குள் நீர் கோத்துக்கொண்டால்கூடக் கேட்கும் திறன் குறையும். பாவம், 'கவனம் இல்லாதவன்' என்ற பட்டத்தோடு உட்கார்ந்திருப்பான்.

ஒரு வயது தாண்டியும் பெயர் சொல்லிக் கூப்பிட்டால் பார்ப்பதில்லை, கண்ணோடு கண் பார்ப்பதில்லை, வேண்டியதை விரலால் சுட்டிக் காட்டுவதில்லை என்றால் குழந்தை நல மருத்துவரிடம் காட்டுவது நல்லது. ஆட்டிஸமா என்று பார்ப்பார். வீட்டில் நன்றாகப் பேசிவிட்டு, ஸ்கூலில் மட்டும் மாதக்கணக்காக ஒரு வார்த்தைகூடப் பேசாத குழந்தைகள் உண்டு. அது திமிரோ பிடிவாதமோ அல்ல, ஒருவகைப் பதற்றம். சிகிச்சையில் தேறும்.

பெரியவர்களுக்கும் இது பொருந்தும். ரிட்டயர் ஆன அப்பா கொஞ்ச நாளாகப் பேச்சைக் குறைத்துக்கொண்டாரா? 'வயசாச்சு' என்று விட்டுவிடாதீர்கள். காது மந்தமாகி, நாலு பேர் பேசுவது பிடிபடாததால் ஒதுங்கியிருக்கலாம். மனச்சோர்வாக இருக்கலாம். தைராய்டு சுரப்பு குறைந்தாலும் மந்தமும் சோர்வும் வரும். ஒரு ரத்தப் பரிசோதனையில் தெரிந்துவிடும்.

கலகலப்பு என்றால் எல்லாம் சரியா?

'அப்போ வெளி ரகத்துக்குக் கவலையே இல்லை!' என்று நினைத்தால் அதுவும் தப்பு.

சாதாரணமாக இருந்த ஒருவர் திடீரென்று ஒரு வாரமாக ஓயாமல் பேசுகிறார். ராத்திரி இரண்டு மணி நேரம் தூங்கிவிட்டு, 'களைப்பே இல்லை' என்கிறார். கையில் இருக்கிற பணத்தை எல்லாம் கண்டபடி செலவழிக்கிறார். பெரிய பெரிய திட்டம் போடுகிறார். வீட்டில் உள்ளவர்கள், 'ஆளு ஜாலியா மாறிட்டாரே' என்று சந்தோஷப்படக் கூடாது. இது மிகை எழுச்சி என்கிற மனநோயின் அறிகுறியாக இருக்கலாம். இங்கேயும் அதே சூத்திரம்தான். அவருடைய நேற்றோடு ஒப்பிடுங்கள்.

பிறவியிலேயே கலகலப்பானவர்களுக்கு வேறொரு கஷ்டம் உண்டு. எல்லாரையும் சிரிக்க வைக்கிறவருக்குள்ளே கவலை இருக்கும் என்று யாருக்கும் தோன்றாது. அவரும் காட்டிக்கொள்ள மாட்டார். பிள்ளைகள் வெளியூர் போய், துணையும் போய், தனியாக நிற்கிற வயசான காலத்தில், உள் ரகத்தினரைவிட இவர்கள்தான் அதிகம் துவண்டு போகலாம். நாலு பேர் நடுவில் சார்ஜ் ஆன பாட்டரி ஆயிற்றே! அப்படி ஒரு அத்தை உங்கள் குடும்பத்தில் இருந்தால், தினம் ஒரு போன் போடுங்கள். அவருக்கு அதுவும் ஒரு டானிக்தான்.

மாற்ற முடியுமா?

'வாயுள்ள பிள்ளை பிழைக்கும்' என்று பெரியம்மா சொன்னாரே, அது உறுத்திக்கொண்டே இருக்கிறது இல்லையா? நம் பெரியவர்கள் 'நிறைகுடம் தளும்பாது' என்றும்தான் சொல்லி வைத்திருக்கிறார்கள். அது பெரியம்மாவுக்கு அந்த நேரத்தில் ஞாபகம் வரவில்லை!

சேல்ஸ் வேலைக்கு வாய்தான் மூலதனம் என்பார்கள். அமெரிக்காவில் ஆடம் கிராண்ட் என்ற பேராசிரியர், போன் மூலம் விற்பனை செய்கிற 340 பேரை ஆராய்ந்து 2013-ல் முடிவை வெளியிட்டார். அதிகம் விற்றவர்கள் யார் தெரியுமா? படு கலகலப்பானவர்கள் அல்ல, நடு ரகத்தினர்! அவர்களுக்குப் பேசவும் தெரிந்திருந்தது. வாடிக்கையாளர் பேசும்போது வாயை மூடிக்கொண்டு கேட்கவும் தெரிந்திருந்தது.

ஆஸ்திரேலியாவின் மெல்போர்ன் நகரத்தில் இன்னொரு சோதனை. ஒரு வாரத்துக்குப் புறமுகர் மாதிரியே பேசிப் பழக வேண்டும் என்று சிலரைக் கேட்டுக்கொண்டார்கள். 2019-ல் முடிவு வெளியானது. பொதுவாகப் பலருக்கு உற்சாகம் கூடியது. ஆனால், நல்ல அகமுகர்களுக்கு அந்த அளவு பலன் இல்லை. அவர்களுக்குக் களைப்புதான் வந்தது; 'நான் நானாக இல்லை' என்ற உறுத்தலும் வந்தது.

ஆக, தேவைப்படும்போது வெளியே வந்து பேசப் பழக்கலாம். அது நீச்சல் மாதிரி, கற்றுக்கொள்ளக்கூடிய திறமை. ஆனால், நீச்சல் தெரிந்ததற்காகத் தண்ணீரிலேயே குடியிருக்கச் சொல்லக் கூடாது!

வீட்டில் என்ன செய்யலாம்?

விருந்தாளி முன்னால், 'மாமாவுக்கு ரைம்ஸ் சொல்லு, டான்ஸ் ஆடிக் காட்டு' என்று கட்டாயப்படுத்தாதீர்கள். 'வாங்க' சொல்வது, தண்ணீர் கொண்டுவந்து கொடுப்பது போன்ற மரியாதைகளை மட்டும் பழக்குங்கள். அது எல்லா ரகத்துக்கும் பொது.

பிள்ளை காதுபட, 'இவ ஊமைக்கோட்டான்', 'இவன் அழுத்தக்காரன்' என்று பட்டம் கட்டாதீர்கள். 'லொடலொட வாய்' என்று மூத்தவனைச் சொல்வதும் வேண்டாம். பட்டம் சீக்கிரம் ஒட்டிக்கொள்ளும்.

புது இடத்துக்குப் போகும் முன், 'அங்க யாரெல்லாம் வருவாங்க, எத்தனை மணிக்குக் கிளம்புவோம்' என்று முன்கூட்டியே சொல்லுங்கள். கூட்டம் சேர்வதற்கு முன்பே போய்விட்டால் இன்னும் நல்லது.

பொத்திப் பொத்தி வளர்க்கவும் கூடாது. கேகன் குழுவினர் கண்டது இதுதான். தயங்கும் குழந்தையை எதற்கும் விடாமல் காப்பாற்றிக்கொண்டே இருந்தால் தயக்கம் இறுகுகிறது. அன்போடு, 'நீயே போய்க் கேட்டுட்டு வா' என்று கடைக்கு அனுப்பிப் பழக்கினால் தளர்கிறது.

புருஷன் பெண்டாட்டிக்கும் ஒரு வார்த்தை. ஒருவர் ஆபீஸ் முடிந்து பாட்டரி தீர்ந்து வருகிறார். இன்னொருவர் நாள் பூராவும் பேச ஆள் இல்லாமல் காத்திருக்கிறார். அவர் வாயைத் திறக்க மாட்டேன் என்கிறார். இவர் மூட மாட்டேன் என்கிறார். சண்டைக்குக் கேட்க வேண்டுமா? ஒரு ஒப்பந்தம் போட்டுக்கொள்ளுங்கள். வந்ததும் அரை மணி நேரம் காபியும் மௌனமும். அதன் பிறகு அரை மணி நேரம் டி.வி., செல்போன் இல்லாத பேச்சு. 'என்மேல் பிரியம் இல்லை' என்ற சந்தேகமும், 'நச்சரிக்கிறாள்' என்ற புகாரும் பாதி குறைந்துவிடும்.

சந்தேகமாக இருந்தால் மனநல மருத்துவரைப் பார்க்கத் தயங்க வேண்டாம். போவதற்குக் கூச்சமாக இருக்கிறதா? 2022-ல் மத்திய அரசு தொடங்கிய 'டெலி மானஸ்' இலவச சேவை இருக்கிறது. 14416 என்ற எண்ணில் எந்நேரமும் தமிழிலேயே பேசலாம். 'செத்துடலாம் போல இருக்கு' என்று யாராவது சொன்னால், அவர் உள் ரகமோ வெளி ரகமோ, விளையாட்டாக எடுத்துக்கொள்ளாதீர்கள். தனியே விடாமல் உடனே உதவி தேடுங்கள்.

கடைசியாக ஒன்று. யுங்கும் தனிமையை விரும்பியவர்தான். 1923-லிருந்து ஜூரிச் ஏரிக்கரையில் போலிங்கன் என்ற ஊரில், மின்சாரம்கூட இல்லாமல் தனக்கென்று ஒரு கல் வீட்டைக் கட்டிக்கொண்டார். விறகு வெட்டுவது, அடுப்பு மூட்டுவது எல்லாம் அவரேதான். அதே மனிதருக்கு ஐந்து பிள்ளைகள். ஆயுள் பூராவும் நோயாளிகளின் கதையை உட்கார்ந்து கேட்டவர். உள்ளே திரும்பியவருக்கு வெளியே இருக்கிற மனிதர்கள் மேல் அக்கறை இல்லை என்று யார் சொன்னது?

விருந்தாளிகள் போன பிறகு, அந்த ஜன்னல் ஓரத்தில் சின்னவள் பக்கத்தில் போய் உட்காருங்கள். எதுவும் கேட்காதீர்கள். ஐந்து நிமிஷம் சும்மா இருங்கள். அவளாகவே ஆரம்பிப்பாள்.

"அம்மா, பெரியப்பா சட்டையில ஒரு பட்டன் இல்ல, பாத்தியா? பெரியம்மா இன்னிக்கு ரெண்டு தடவை கால் வலிக்குதுன்னு சொன்னாங்க. யாருமே கேக்கல."

அத்தனை பேர் பேசிக்கொண்டிருந்தபோது அதைக் கேட்டவள் அவள் ஒருத்திதான். இன்றைக்கு ராத்திரி நிம்மதியாகத் தூங்குங்கள்!